நாகப்பட்டினத்துக் கோட்டைவாசலுக்கு ஸ்காட்லாந்து மலையில் என்ன வேலை?

மேற்படிப்புக்கு ஸ்காட்லாந்து வரும் நம்ம ஆட்கள் எல்லோருக்கும் அப்படி ஒரு நாள் வரும். அசைன்மென்ட் எல்லாம் முடிந்திருக்கும். கையில் கொஞ்சம் காசும் ஒரு சனிக்கிழமையும் மிச்சம் இருக்கும். "இவ்ளோ தூரம் வந்துட்டு ஒரு கோட்டைகூட பாக்காமலா ஊருக்குப் போறது?" என்று ரூம்மேட் ஆரம்பிப்பான். கார் எடுக்கலாமென்றால் வாடகையும் இன்சூரன்ஸும் பயமுறுத்தும். கடைசியில் எல்லோரும் வந்து நிற்கும் இடம் கோச் டூர்தான்: காலையில் ஏற்றி, மலை, ஏரி, கோட்டை எல்லாம் காட்டி, வழி முழுக்கக் கதை சொல்லி, சாயங்காலம் ஏற்றிய இடத்திலேயே இறக்கிவிடும் ஒரு நாள் பயணம்.

இதில் முதல் தப்பு எங்கே நடக்கும் தெரியுமா? எங்கே ஏறுவது என்பதில். எடின்பரோவில் ஏறி ஒரே நாளில் வடக்கு மலைநாட்டைப் பார்த்துத் திரும்பும் பயணங்கள்தான் அதிகம் விற்கும். எடின்பரோவிலிருந்து இன்வர்னஸ் சுமார் 250 கிலோமீட்டர், மூன்றரை மணி நேரம். போக வர ஏழு மணி நேரம் சீட்டிலேயே போய்விடும். இன்னொரு கணக்கும் உண்டு. இங்கே நாலரை மணி நேரம் வண்டி ஓட்டிய டிரைவர் கட்டாயம் 45 நிமிடம் ஓய்வு எடுக்க வேண்டும். அதை 15, 30 என்று இரண்டாகப் பிரித்தும் எடுக்கலாம். ஒரு நாளைக்குப் பொதுவாக 9 மணி நேரத்துக்கு மேல் ஓட்டக் கூடாது. எல்லாவற்றையும் டாக்கோகிராஃப் என்ற கருவி பதிவு செய்துகொண்டே இருக்கும். "நல்ல இடத்துல நிறுத்தாம ஏன்டா இந்தக் கடை வாசல்ல அரை மணி நேரம் நிறுத்துறாங்க?" என்று எரிச்சல் வந்தால் இதை நினைத்துக்கொள்ளுங்கள். அது நமக்கான இடைவேளை இல்லை, அவருக்கானது.

அதனால் நாங்கள் மூன்று பேரும் வெள்ளிக்கிழமை இரவே இன்வர்னஸ் போய் ஹாஸ்டலில் படுத்துவிட்டு, சனிக்கிழமை காலை அங்கிருந்து வடக்கே டன்ராபின் கோட்டைக்குப் போகும் வண்டியில் ஏறினோம். சின்ன கோச், டிரைவரே வழிகாட்டி. காதில் மைக்கை மாட்டிக்கொண்டு ஓட்டிக்கொண்டே பேசுவார். பெரிய வண்டியில் வழிகாட்டி தனியாக இருப்பார். வசதி அதில்தான் அதிகம், ஆனால் சின்ன வண்டியில் கேள்வி கேட்க முடியும். எனக்கு அதுதான் முக்கியம். கோட்டை நுழைவுக் கட்டணம் டிக்கெட்டில் சேர்ந்திருக்கிறதா என்று முன்பே பார்த்துவிடுங்கள், பல பயணங்களில் சேர்ந்திருக்காது. வடக்கே போகும்போது கடல் வலப்பக்கம், மலை இடப்பக்கம். நான் இடப்பக்கம் உட்கார்ந்தேன். வேணும்னு இல்ல, அந்த சீட்தான் காலியா இருந்தது.

ஊரைத் தாண்டியதும் கெஸாக் பாலம். 1982-இல் திறந்த கேபிள் பாலம், மொத்தம் 1056 மீட்டர், நடு இடைவெளி மட்டும் 240 மீட்டர். சிவில் பசங்க இங்கே கொஞ்சம் நிமிர்ந்து உட்காரலாம். ஸ்காட்லாந்தைக் குறுக்கே வெட்டிக்கொண்டு போகும் கிரேட் கிளென் நிலப்பிளவு இந்தப் பக்கமாகத்தான் போகிறது. லாக் நெஸ் ஏரி அவ்வளவு நேராகவும் ஆழமாகவும் இருப்பதற்குக் காரணம் அதே பிளவுதான். அதனால் பாலத்தின் வடக்கு முனையில் நிலநடுக்க அதிர்ச்சியைத் தாங்க ஹைட்ராலிக் பஃபர்கள் வைத்திருக்கிறார்கள்.

அதன் பிறகு 1979-இல் கட்டிய குரோமார்ட்டி பாலம், இன்னும் வடக்கே 1991-இல் கட்டிய டோர்னாக் பாலம். கடல் மூன்று இடத்தில் நிலத்துக்குள் கை நீட்டியிருக்கிறது. முன்னெல்லாம் ஒவ்வொரு கையையும் சுற்றிக்கொண்டு போக வேண்டும். ரயில் இன்னும் அப்படித்தான் சுற்றுகிறது. கோச் ஒன்றே கால் மணி நேரத்தில் போகிற கோல்ஸ்பி ஊருக்கு ரயிலில் இரண்டு மணி நேரத்துக்கு மேல் ஆகும்.

குரோமார்ட்டி பாலத்தைத் தாண்டியதும் வண்டியில் எல்லோரும் வலப்பக்கம் எட்டிப் பார்த்தார்கள். அங்கே எண்ணெய் எடுக்கும் ராட்சத மேடைகள் தண்ணீரில் வரிசையாக நிற்கும். வேலை இல்லாதவையும் பழுதுபார்க்க வந்தவையும். நானும் எட்டிப் பார்த்துக்கொண்டிருந்தபோதுதான் வழிகாட்டி, "இப்போ இடப்பக்க மலை உச்சியைப் பாருங்க" என்றார்.

மலை உச்சியில் ஏதோ ஒரு வாசல். நடுவில் மூன்று வளைவுகள், பக்கங்களில் தனித்தனியாகத் தூண்கள். சுவர் இல்லை, ஊர் இல்லை, பின்னால் வானம் மட்டும். ஃபைரிஷ் நினைவுச்சின்னம் என்று பெயர், 453 மீட்டர் உயர மலை. "இந்தியாவில் இவர் பிடித்த ஒரு கோட்டையின் வாசலைப் போலக் கட்டியது. ஊர் பெயர் நெகபடம்" என்றார்.

நெகபடம். எனக்கு உறைக்க ரெண்டு செகண்ட் ஆச்சு. டேய், அது நம்ம நாகப்பட்டினம்டா!

கட்டியவர் சர் ஹெக்டர் மன்ரோ. இந்த மலையடிவார ஜமீன் அவருடையது. கிழக்கிந்தியக் கம்பெனிப் படையில் தளபதியாக இருந்தவர், 1764-இல் பக்ஸார் போரை ஜெயித்தவர் இவர்தான். ஆனால் 1780-இல் நம் காஞ்சிபுரத்துக்குப் பக்கத்தில் பெயர் கெட்டுப் போனது. புள்ளலூரில் ஹைதர் அலியும் திப்புவும் கம்பெனிப் படை ஒன்றைச் சுற்றி வளைத்து அழித்தபோது, சில மைல் தூரத்தில் இருந்த மன்ரோ நேரத்துக்குப் போய்ச் சேரவில்லை. கனமான பீரங்கிகளைக் காஞ்சிபுரம் குளத்தில் தள்ளிவிட்டு சென்னைக்குப் பின்வாங்கினார். அடுத்த வருஷம், 1781 நவம்பரில், டச்சுக்காரர்களிடமிருந்து நாகப்பட்டினத்தைப் பிடித்தார். சொந்த ஊர் மலையில் எந்த வெற்றியை நட்டு வைப்பது என்று அவர் ஏன் அப்படி முடிவு செய்தார் என்பதை இதை வைத்து நாமே ஊகித்துக்கொள்ளலாம்.

இதில் இன்னொரு பக்கமும் இருக்கிறது. உள்ளூரில் பஞ்சமும் வேலையின்மையும் இருந்த நேரம் அது, ஜனங்களுக்குக் கூலி கொடுக்கத்தான் கட்டினார் என்று இங்கே சொல்கிறார்கள். மேலே ஏற்றிய கற்களை அவரே கீழே உருட்டிவிடுவாராம், மறுபடி தூக்கினால் மறுபடி கூலி கிடைக்கும் என்று. உருட்டினாரோ இல்லையோ, தர்மப் பிரபு கதையாக இது நன்றாகத்தான் ஓடுகிறது. வேலையின்மை எங்கிருந்து வந்தது என்று யோசித்தால்தான் கதை மாறும். அதற்குக் கொஞ்சம் வடக்கே போக வேண்டும்.

டோர்னாக்கில் இருபது நிமிடம். பழைய தேவாலயம், ஒரு கோல்ஃப் மைதானம், அப்புறம் ஒரு வீட்டுத் தோட்டத்தில் சின்னக் கல். பிரிட்டனில் சூனியக்காரி என்று சட்டப்படி கொல்லப்பட்ட கடைசிப் பெண் ஜேனட் ஹோர்ன், 1727. கல்லில் 1722 என்று தப்பாக வெட்டியிருக்கிறார்கள். அவ்வளவுதான், அடுத்து.

அடுத்து வருவது 'தி மவுண்ட்', இது எனக்கு ரொம்பப் பிடித்த இடம். தாமஸ் டெல்ஃபோர்ட் 1816-இல் கடல்கழிமுகத்தின் குறுக்கே போட்ட மண்கரைச் சாலை. ஆற்றுத்தண்ணீர் வெளியே போக மதகுகள் உண்டு. கடல் ஏறினால் அலை தள்ளி அந்தக் கதவுகள் தானாக மூடிக்கொள்ளும், இறங்கினால் ஆறு தள்ளித் தானாகத் திறக்கும். மோட்டார் கிடையாது, ஆள் கிடையாது. நாம் லேபில் பார்க்கிற ஒருவழி வால்வுதான், ஆனால் இருநூறு வருஷத்துக்கு முன்னால், ஒரு ஆற்றுக்கே போட்டது.

கோல்ஸ்பியை நெருங்கும்போது இடப்பக்க மலை உச்சியில் இன்னொரு உருவம். பீடத்தோடு சேர்த்து 30 மீட்டர் உயரச் சிலை. முதலாம் சதர்லாந்து கோமகன். மலைக்குக் கீழே, வலப்பக்கம், கடலைப் பார்த்தபடி டன்ராபின்.

கோட்டை என்றதும் நம் மனசில் செஞ்சி மாதிரி ஒன்று வரும். இது அப்படி இல்லை. கூம்புக் கோபுரங்களும் வெள்ளைக் கற்களுமாக, டிஸ்னி படத்திலிருந்து பெயர்த்து வைத்த மாதிரி இருக்கும். 189 அறைகள். நடுவே அறுநூறு வருஷத்துக்கும் மேலான பழைய காவல்கோபுரம் இருக்கிறது. அதை மூடிக்கொண்டு 1845-இலிருந்து பிரெஞ்சு பாணியில் பெரிதாக்கியவர் சார்லஸ் பேரி, லண்டன் நாடாளுமன்றக் கட்டடத்தை வடிவமைத்த அதே ஆள். அதாவது நாம் பார்ப்பது போருக்குக் கட்டிய கோட்டை இல்லை; போர் முடிந்து வெகுகாலம் கழித்து, பணம் இருந்தவர்கள் ஆசைப்பட்டுக் கட்டிய கோட்டைத் தோற்றம். கீழே வெர்சாய் பாணித் தோட்டம், அதில் பருந்தும் ஆந்தையும் பறக்கவிடும் காட்சி. இதைத் தவறவிடாதீர்கள், தலைக்கு மேலே உரசிக்கொண்டு போகும். அந்தக் குடும்பத்துக்கென்றே ஒரு ரயில் நிலையமும் உண்டு.

உள்ளே பட்டுத் திரைகளையும் நூலகத்தையும் பார்த்து ஜன்னல் பக்கம் வந்து நின்றால் பச்சை மலை, நீலக் கடல். எங்கேயும் ஆள் இல்லை. "என்ன அமைதி!" என்று பக்கத்தில் ஒருவர் சொன்னார். எனக்கும் அப்படித்தான் தோன்றியது. வண்டிக்குத் திரும்பியதும் வழிகாட்டியிடம் சும்மாதான் கேட்டேன்: "இங்கே ஜனங்களே கிடையாதா?"

"இருந்தார்கள்" என்றார்.

அவர் சொன்னதையும் பின்னால் நான் படித்ததையும் சேர்த்துச் சுருக்கமாகச் சொல்கிறேன். இந்த மலைப் பள்ளத்தாக்குகளில் தலைமுறை தலைமுறையாகக் குடியானவர்கள் மாடு வளர்த்து, கொஞ்சம் பயிர் வைத்து வாழ்ந்தார்கள். நிலம் குலத் தலைவருடையது. சண்டைக்கு ஆள் தேவைப்பட்ட காலம் வரை, ஜனங்கள் இருப்பதே தலைவருக்குச் சொத்து. 1746-இல் கல்லோடன் போரோடு அந்தக் காலம் முடிந்தது. அப்புறம் நிலத்துக்கு ஒரே அளவுகோல் வாடகை. நூறு குடும்பங்களைவிட ஒரு பெரிய ஆட்டுப்பண்ணைக்காரர் அதிகம் தருவார். கணக்கு அவ்வளவுதான். மன்ரோவின் ஊர்ப்பக்கம் 1792-இல் ஜனங்கள் பொறுக்காமல் திரண்டு, ஆடுகளையெல்லாம் சேர்த்துத் தெற்கே ஓட்டிக்கொண்டு கிளம்பினார்கள். சிப்பாய்கள் வந்து கலைத்தார்கள்.

சதர்லாந்தில் இது இன்னும் பெரிய அளவில், திட்டம் போட்டு நடந்தது. 1810களில் ஆயிரக்கணக்கானோரை உள்நாட்டுப் பள்ளத்தாக்குகளிலிருந்து கிளப்பிக் கடற்கரைக்குத் தள்ளினார்கள். திரும்பி வந்துவிடக் கூடாது என்று கூரை மரங்களை எரித்தார்கள். மரமே அரிதான ஊரில் கூரையை எரித்தால் வீடு முடிந்த மாதிரி. நிர்வாகி பேட்ரிக் செல்லர் மேல், நூறு வயதை நெருங்கிய ஒரு மூதாட்டி உள்ளே இருக்கும்போதே வீட்டுக்குத் தீ வைக்கச் செய்ததாக வழக்கு வந்தது. 1816-இல் இன்வர்னஸ் நீதிமன்றம் அவரை விடுதலை செய்தது. கடற்கரையில் கொடுத்த நிலத்தையும் பிழைக்கப் போதாத அளவில்தான் கொடுத்தார்கள், மீன்பிடிக்கப் போயே ஆக வேண்டும் என்பதற்காக. மலையில் வளர்ந்தவன் படகில் ஏறினால் என்ன ஆவான்! பலர் கப்பலேறிக் கனடா போய்விட்டார்கள்.

மலை உச்சியில் சிலையாக நிற்பவர் இந்த வேலை நடந்தபோது ஜமீனுக்கு உடையவர். அதை இடிக்க வேண்டும் என்று உள்ளூரிலேயே குரல்கள் எழுந்ததுண்டு. இன்னும் நிற்கிறது.

என்னை அதிகம் உறுத்தியது வேறொன்று. ஜமீனின் தலைமை நிர்வாகி ஜேம்ஸ் லாக், 1820-இல் இந்த வேலைகளைப் பற்றி ஒரு புத்தகம் எழுதினார். வெளியேற்றம் என்று தலைப்பு வைக்கவில்லை, "மேம்பாடுகள்" என்றுதான் வைத்தார். சாலை, துறைமுகம், பண்ணைக் கட்டட வரைபடம் எல்லாம் அதில் உண்டு. அதில் பொய்யும் இல்லை. சாலைகள் உண்மையிலேயே வந்தன, நான் கண் விரிய ரசித்த டெல்ஃபோர்டின் மதகும் அதே வருஷங்களில் வந்ததுதான். நம் ப்ராஜெக்ட் ரிப்போர்ட்டிலும் நோக்கம், செலவு, பயன் எல்லாம் வரிசையாக இருக்கும். ஏற்கெனவே அங்கே இருக்கிறவர்களுக்கு ஒரு பத்தி இருக்குமா? எங்க செகண்ட் இயர் அணைக்கட்டு டிசைனில் நான் எழுதினதா ஞாபகம் இல்ல.

இன்று ஹைலண்ட் மாவட்டத்தில் சதுர கிலோமீட்டருக்குப் பத்துப் பேர்கூட இல்லை. 2011 கணக்குப்படி தமிழ்நாட்டில் 555 பேர். டூர் விளம்பரத்தில் "மனிதர் கை படாத இயற்கை" மாதிரி ஏதாவது வரும். போகும்போது பள்ளத்தாக்குகளின் சரிவில் புல் கொஞ்சம் அடர்பச்சையாக, நடுவே வரிசைக் கற்கள் தெரிகிறதா என்று பாருங்கள். அடுப்புச் சாம்பலும் எருவும் விழுந்த மண் அப்படித்தான் பசுமையாக இருக்கும் என்று வழிகாட்டி காட்டினார். ஒரு தடவை கண்ணுக்குப் பழகிவிட்டால் அப்புறம் நிறையத் தெரியும்.

திரும்பும்போது தூறல். பாதி வண்டி தூங்கிவிட்டது. நான் அவசரமாக வலப்பக்கம் மாறி உட்கார்ந்தேன், மலை இப்போது அந்தப் பக்கம்தானே. ஃபைரிஷ் மேகத்துக்குள் போயிருந்தது, அடிவார மரங்கள் மட்டும் தெரிந்தன. வழிகாட்டிக்கு நான் எந்த ஊர் என்று மதியமே சொல்லியிருந்தேன். கண்ணாடியில் என்னைப் பார்த்து, "அந்த ஊர் பெயரை எப்படிச் சொல்லணும்?" என்று கேட்டார்.

"நாகப்பட்டினம்."

இரண்டு தடவை முயன்றார். 'ட்ட' மட்டும் வரவே இல்லை. முன் சீட்டிலிருந்த பாட்டி திரும்பி, "அந்த வாசல் இப்பவும் உங்க ஊர்ல இருக்காப்பா?" என்ற மாதிரி கேட்டார். இல்லை, அந்தக் கோட்டை அங்கே இல்லை என்றேன். "அப்போ இங்க மட்டும்தான் இருக்கு" என்று சொல்லிவிட்டு, அவர் மேகத்தையே கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்தார்.