உங்களுக்குத் தெரியுமா? எவர்சில்வருக்குள் இருக்கும் நிக்கல்

● உலகத்தில் உற்பத்தியாகும் நிக்கலில் ஏறத்தாழ மூன்றில் இரண்டு பங்கு ஸ்டெயின்லெஸ் ஸ்டீலுக்குத்தான் போகிறது. நல்ல ரகப் பாத்திரங்களின் அடியில் '18/8' என்று பொறித்திருப்பார்கள். நூற்றுக்கு 18 பங்கு குரோமியம், 8 பங்கு நிக்கல், மீதி பெரும்பாலும் இரும்பு என்று அர்த்தம். துருப் பிடிக்காமல் காப்பதில் முதல் பங்கு குரோமியத்துக்கு. தகட்டை அழுத்திக் குடமாகவும் தூக்குவாளியாகவும் இழுக்கும்போது அது விரிசல் விடாமல் வளைந்து கொடுப்பது நிக்கலால்.

● பாத்திரக் கடையில் காந்தத்தை வைத்துப் பார்த்து, ஒட்டவில்லை என்றால் உயர்ந்த சரக்கு என்று வாங்குகிறோம். இந்தச் சோதனையை நம்பி ஏமாற வேண்டாம். விலை குறைந்த '200 வரிசை' எஃகில் நிக்கலைக் குறைத்து மாங்கனீசைக் கூட்டுகிறார்கள். அதிலும் காந்தம் ஒட்டாது. மறுபக்கம், அசல் 18/8 பாத்திரத்தின் நன்றாக இழுத்து வளைத்த விளிம்பில் காந்தம் லேசாகப் பிடிக்கலாம். இண்டக்‌ஷன் அடுப்புக்கான பாத்திரத்தின் அடித்தகட்டில் வேண்டுமென்றே காந்தம் ஒட்டும் எஃகை வைக்கிறார்கள். அதுவும் கலப்படம் அல்ல. ரகத்தின் எண்ணைக் கேட்டு வாங்குவதே வழி. 200 வரிசைப் பாத்திரத்தில் ஊறுகாயோ உப்புநீரோ நாள்கணக்கில் கிடந்தால் புள்ளி விழும்.

● இந்தக் காந்த விஷயத்தில் ஒரு விசித்திரம் உண்டு. சுத்தமான நிக்கலில் காந்தம் நன்றாகவே ஒட்டும். 1950-இல் இந்தியா வெளியிட்ட சிங்க முத்திரை ஒரு ரூபாய் நாணயம் நிக்கலால் ஆனது. பாட்டியின் சுருக்குப்பையில் கிடைத்தால் காந்தத்தை அருகே கொண்டுபோய்ப் பாருங்கள். அமெரிக்கர்கள் 'நிக்கல்' என்றே அழைக்கும் 5 சென்ட் நாணயத்தில் ஒட்டாது. அதில் 75 சதவீதம் செம்பு, 25 சதவீதம்தான் நிக்கல்.

● 1751-இல் சுவீடனின் ஆக்ஸெல் கிரோன்ஸ்டெட் நிக்கலைத் தனி உலோகம் என்று கண்டுபிடித்தார். ஆனால் கி.மு. 2-ஆம் நூற்றாண்டிலேயே பாக்டிரியாவை ஆண்ட கிரேக்க மன்னர்கள் அகதோக்ளிஸும் பந்தலியோனும் செம்பும் நிக்கலும் கலந்த காசுகளை அடித்திருக்கிறார்கள். துத்தன்காமனின் கல்லறையில் கிடைத்த இரும்புக் குத்துவாளில் சுமார் 11 சதவீதம் நிக்கல் இருப்பது 2016-இல் வெளியான ஆய்வில் உறுதியானது. அந்த இரும்பு விண்கல்லிலிருந்து வந்தது என்பதற்கு அதுவே சாட்சி.

● கனடாவின் சட்பரியில் நிக்கல் சேர்ந்ததற்கும் விண்வெளிக்கும் தொடர்பு உண்டு. ஏறத்தாழ 185 கோடி ஆண்டுகளுக்கு முன் அங்கே ஒரு பெரும் விண்பொருள் வந்து மோதியது. உருகிய பாறைக் குழம்பு ஆறும்போது நிக்கலும் செம்பும் அடியில் தங்கின. 1883-இல் ரயில் பாதை போட மலையைக் குடைந்தவர்களின் கண்ணில் அந்தத் தாது பட்டது. அப்போலோ 16, 17 வீரர்கள் அங்கே பயிற்சிக்குப் போனார்கள். ஊர் நிலாவைப்போல் பொட்டலாகக் கிடந்ததுதான் காரணம் என்று இன்றும் சொல்வார்கள். உண்மையில், மோதலில் உருவான பாறைகளைப் படிக்கவே போனார்கள்.

ஊர் பொட்டலாகக் கிடந்தது என்னவோ உண்மை. தாதுவிலிருந்த கந்தகம் எரிந்து, அமில மழையாக இறங்கி, சுற்றுவட்டாரக் காடுகளை அழித்துவிட்டது. 1970-களின் தொடக்கத்தில் 381 மீட்டர் உயரத்துக்குப் புகைபோக்கி கட்டினார்கள். ஊருக்குள் காற்று மாறியது. ஆனால் புகை இன்னும் தூரத்து ஏரிகளுக்குப் போனது. பிறகுதான் கந்தகத்தை ஆலைக்குள்ளேயே பிடிக்கும் கருவிகள் வந்தன. 1978 முதல் ஊர் மக்கள் கறுத்த பாறைகளின் மேல் சுண்ணாம்புத் தூள் தூவி, புல் விதைத்து, ஒரு கோடிக்கும் மேல் மரக்கன்றுகளை நட்டார்கள். அந்தப் புகைபோக்கிக்கு 2020-இல் ஓய்வு கொடுத்தாயிற்று. கெட்ட நிலத்தை மீட்க முடியுமா என்று கேட்பவர்களுக்கு நான் முதலில் காட்டுவது சட்பரியைத்தான்.

● ரஷ்யாவின் நோரில்ஸ்க் நகருக்கு நாட்டின் மற்ற பகுதிகளிலிருந்து சாலையும் கிடையாது, ரயிலும் கிடையாது. விமானத்தில் போக வேண்டும், அல்லது ஆற்று வழியே. 1935 முதல் ஸ்டாலின் காலக் கைதிகளின் உழைப்பில் எழுந்த நிக்கல் நகரம் அது. 2020 மே மாதம் அங்கே ஒரு எரிபொருள் தொட்டி உடைந்து 20,000 டன்னுக்கும் மேல் டீசல் கொட்டியது. ஆறு சிவந்து ஓடியதைச் செயற்கைக்கோள் படங்களிலேயே பார்க்க முடிந்தது.

● நிக்கல் தாது இரண்டு வகை. சட்பரி, நோரில்ஸ்க் போன்ற இடங்களில் பூமிக்கு அடியில் கந்தகத்தோடு கலந்து கிடப்பது ஒன்று. வெப்பநாடுகளில் லட்சக்கணக்கான ஆண்டு மழை பாறையைக் கரைத்து, செம்மண்ணில் நிக்கலைத் தேக்கி வைத்தது இன்னொன்று. இரண்டாவது வகைக்கு ஆழச் சுரங்கம் வேண்டாம். காட்டை வெட்டி மேல்மண்ணை வாரினால் போதும். அந்த மண்ணில் நிக்கல் பெரும்பாலும் நூற்றுக்கு ஒன்று, ஒன்றரை, இரண்டு பங்குதான். மிச்சமெல்லாம் கழிவு.

● இன்று உலகின் நிக்கல் தாதுவில் பாதிக்கு மேல் ஒரே நாட்டிலிருந்து வருகிறது: இந்தோனேசியா. 2020 ஜனவரியில் அது கச்சாத் தாது ஏற்றுமதியை அடியோடு நிறுத்தியது. நிக்கல் வேண்டுமென்றால் இங்கேயே உலை போடுங்கள் என்று சொல்லிவிட்டது. சீன நிறுவனங்கள் வந்து இறங்கின. சுலவேசித் தீவின் மொரோவாலியிலும் ஹல்மஹேராவின் வேடா பேயிலும் கடலோரத்தில் உருக்காலை நகரங்களே எழுந்தன. பெரும்பாலும் மண்ணையே விற்று வந்த நாடு எஃகு விற்கிறது. அந்த முடிவில் நியாயம் இருக்கிறது என்றே எனக்குப் படுகிறது.

ஆனால் விலை கொடுப்பது யார்? உலைகளுக்கு மின்சாரம் தருவது நிலக்கரி. மழை பெய்தால் செம்மண் கரைந்து கடலில் இறங்குகிறது. மீனவர்கள் தூரம் போக வேண்டியிருக்கிறது. 2023 டிசம்பர் 24 அன்று மொரோவாலி உருக்காலை ஒன்றில் உலையைப் பழுதுபார்க்கும்போது வெடித்து, 21 தொழிலாளர்கள் உயிரிழந்தார்கள். பவளப் பாறைகளுக்குப் பேர்போன ராஜா அம்பாட் தீவுகளில் சுரங்கம் வேண்டாம் என்று மக்கள் எழுப்பிய குரலுக்குப் பின், 2025 ஜூனில் அங்கிருந்த ஐந்து உரிமங்களில் நான்கை அரசு ரத்து செய்தது.

● நிக்கல் தாது மாலுமிகளின் உயிரைக் குடிக்கும் சரக்கு என்பது பலருக்குத் தெரியாது. பார்வைக்கு வெறும் ஈரச் செம்மண். கடற்கரை ஈரமணலில் ஒரே இடத்தில் நின்று காலால் மாறி மாறி அழுத்தினால், கெட்டியாக இருந்த மணல் கூழாகிவிடும் அல்லவா? அதேதான் கப்பலிலும் நடக்கிறது. எந்திர அதிர்விலும் அலை ஆட்டத்திலும் தாதுவின் துகள்கள் நெருங்க, இடையில் இருந்த நீர் வெளியே வர, சரக்கறையில் கிடக்கும் பல்லாயிரம் டன் மண்ணும் குழம்பாகிறது. கப்பல் ஒரு பக்கம் சாயும்போது குழம்பும் அந்தப் பக்கம் ஓடும். அப்புறம் கப்பல் நிமிராது. சில நிமிடங்களில் கவிழ்ந்துவிடும். படகை இறக்கக்கூட நேரம் இருக்காது.

2010 அக்டோபரிலிருந்து டிசம்பருக்குள் மட்டும் மூன்று கப்பல்கள் இப்படி மூழ்கி 44 பேர் இறந்தார்கள். 2011 கிறிஸ்துமஸ் அன்று மொரோவாலியிலிருந்து சீனாவுக்குப் போன 'வினாலைன்ஸ் குவீன்' என்ற வியட்நாம் கப்பல் மறைந்தது. 23 பேரில் ஒருவர்தான் பிழைத்தார். 2017 அக்டோபரில் 'எமரால்டு ஸ்டார்' கவிழ்ந்தபோது அதில் இருந்த 26 பேரும் இந்தியர்கள். 10 பேர் திரும்பவில்லை.

கப்பல் தலைவர் துறைமுகத்திலேயே செய்து பார்க்க ஒரு எளிய சோதனை உண்டு. ஒரு டப்பாவில் பாதிக்குத் தாதுவை நிரப்பி, ஒரு சாண் உயரத்திலிருந்து கெட்டித் தரையில் 25 முறை ஓங்கி இடிக்க வேண்டும். மேலே நீர் மினுங்கினால் சரக்கை ஏற்றக் கூடாது, ஆய்வுக்கூடத்துக்கு அனுப்ப வேண்டும். நீர் மினுங்காவிட்டாலும் ஆபத்து இல்லை என்று சொல்லிவிட முடியாது. மழைக்காலத்தில், திறந்தவெளியில் குவித்த தாதுவை, 'சீக்கிரம் ஏற்று' என்ற நெருக்கடிக்கு நடுவே ஏற்றும்போது 'வேண்டாம்' என்று சொல்லும் தலைவருக்குப் பின்னால் நிற்க ஆள் வேண்டும். இந்தத் தொழிலில் உடனே சரிசெய்ய வேண்டிய முதல் விஷயம் எது என்று கேட்டால் இதைத்தான் சொல்வேன்.

● 1969 செப்டம்பரில் ஆஸ்திரேலியாவின் 'பொசைடன்' நிறுவனப் பங்கு ஒரு டாலருக்கும் குறைவு. நிக்கல் கிடைத்துவிட்டது என்ற செய்தி வந்ததும் 1970 பிப்ரவரியில் 280 டாலர்! வியட்நாம் போரால் அப்போது நிக்கலுக்கு ஏகக் கிராக்கி. தாது எதிர்பார்த்த தரத்தில் இல்லை. பங்கு சரிந்து, கடைசியில் வாங்கியவர்கள் தலையில் விழுந்தது.

● லண்டன் உலோகச் சந்தைதான் உலகத்துக்கே நிக்கல் விலையைச் சொல்லும் இடம். 2022 மார்ச் 8 காலை அங்கே நடந்தது சந்தை வரலாற்றிலேயே அபூர்வம். முந்தைய வாரம் டன் 30,000 டாலருக்குக் கீழே இருந்த நிக்கல், அன்று ஒரு லட்சம் டாலரைத் தாண்டியது. ரஷ்யா உக்ரைன் மீது படையெடுத்ததால் வரத்து நின்றுவிடுமோ என்ற பயம் ஒரு பக்கம். விலை இறங்கும் என்று கணக்குப் போட்டு, ஒன்றரை லட்சம் டன்னுக்கும் மேல் முன்கூட்டியே விற்று வைத்திருந்த சீனாவின் சிங்ஷான் நிறுவனம் மறுபக்கம். விலை ஏற ஏற அது திரும்ப வாங்கியாக வேண்டிய நெருக்கடி. வாங்க வாங்க விலை இன்னும் ஏறியது.

சிங்ஷான் உலகின் மிகப் பெரிய நிக்கல் உற்பத்தியாளர். தன் சரக்கையே கொடுத்துக் கணக்கை முடித்திருக்கலாமே? முடியாது. லண்டன் சந்தை ஏற்பது 99.8 சதவீதச் சுத்த நிக்கலை மட்டும். சிங்ஷான் பெருவாரியாக உருக்குவது எஃகு ஆலைக்குப் போகும் நிக்கல் கலந்த இரும்பு.

சந்தை நிர்வாகம் வர்த்தகத்தை நிறுத்தியது. அன்று நடந்த சுமார் 1,200 கோடி டாலர் வியாபாரத்தை ரத்தும் செய்தது. லாபம் பறிபோனவர்கள் வழக்குப் போட்டார்கள். 2023-இல் உயர் நீதிமன்றமும் 2024-இல் மேல்முறையீட்டு நீதிமன்றமும் சந்தையின் பக்கமே தீர்ப்பளித்தன. ஆனாலும் அன்றைய குளறுபடிக்காக 2025 மார்ச்சில் பிரிட்டிஷ் நிதிக் கண்காணிப்பு அமைப்பு அந்தச் சந்தைக்கு 92 லட்சம் பவுண்டு அபராதம் விதித்தது. சட்டப்படி சரியாக இருக்கலாம். நடந்த வியாபாரத்தை நடக்காததாக்கிய சந்தை மீது மீண்டும் நம்பிக்கை வர நாளாகும்.

● 2023-இல் லண்டன் உலோகச் சந்தைக்கு இன்னொரு அதிர்ச்சி. ராட்டர்டாமில் சந்தையின் அங்கீகாரம் பெற்ற கிடங்கில் நிக்கல் என்று கணக்கில் இருந்த மூட்டைகளைப் பார்த்தால், உள்ளே கற்கள். 54 டன். மூட்டைகளின் சொந்தக்காரர் ஜே.பி. மார்கன் வங்கி.

● திட உலோகத்தை வாயுவாக்கிச் சுத்தம் செய்ய முடியும் என்று வேதியியலாளர் லுட்விக் மோண்ட் 1890-இல் காட்டினார். தன் ஆலையில் நிக்கல் வால்வுகள் அரிக்கப்படுவது ஏன் என்று தேடப்போய்க் கிடைத்த விடை அது. 50, 60 டிகிரி செல்சியஸ் சூட்டில் கார்பன் மோனாக்சைடு நிக்கலைத் தூக்கிக்கொண்டு வாயுவாகிறது. மற்ற அசுத்தங்கள் பின்தங்கிவிடுகின்றன. 230 டிகிரி அளவுக்குச் சூடாக்கினால் வாயு பிரிந்து, சுத்த நிக்கல் படிகிறது. அந்த வாயு கொடிய விஷம். வேல்ஸின் கிளைடாக் ஊரில் 1902-இல் தொடங்கிய ஆலை ஒரு நூற்றாண்டைத் தாண்டியும் இதே முறையில் நடக்கிறது.

● டால்டாவுக்கும் நிக்கலுக்கும் தொடர்பு உண்டு. தாவர எண்ணெயில் ஹைட்ரஜனைச் சேர்த்து வனஸ்பதியாக இறுகச் செய்யும்போது, வினையை நடத்திக் கொடுப்பது பொடியான நிக்கல். இந்த வித்தைக்கு வழி திறந்த பால் சபாத்தியேருக்கு 1912-இல் வேதியியல் நோபல்.

● 36 சதவீதம் நிக்கல் சேர்ந்த இரும்பு, சூட்டில் ஏறக்குறைய விரிவதே இல்லை. இதைக் கண்டுபிடித்த ஷார்ல் கியோம் 1920-இல் இயற்பியல் நோபல் வாங்கினார்.

● கவரிங் கம்மல் போட்டால் காது புண்ணாகிறதா? பெல்ட் பக்கிளோ ஜீன்ஸ் பொத்தானோ படும் இடத்தில் தொப்புள் அருகே அரிக்கிறதா? பெரும்பாலும் காரணம் நிக்கல் ஒவ்வாமை. சிறு வயதில் காது குத்தும்போது போடும் மலிவுக் கம்பியிலேயே அது தொடங்கிவிடும். ஒரு முறை வந்தால் வாழ்நாளுக்கும் இருக்கும். தோல் மருத்துவரிடம் ஒரு திரவம் உண்டு. பஞ்சில் நனைத்து நகையைத் துடைத்தால், நிக்கல் கசிந்தால் பஞ்சு இளஞ்சிவப்பாகும். ஐரோப்பாவில் 1994-இலேயே தோலில் படும் பொருள்களுக்கு நிக்கல் கட்டுப்பாட்டுச் சட்டம் இயற்றினார்கள். குழந்தைகளுக்குப் போடும் நகைக்காவது நம் ஊரிலும் அப்படியொரு விதி கட்டாயம் வேண்டும்.

● மின்சாரக் கார் பேட்டரியில் நிக்கல் கூடினால் ஒரே சார்ஜில் கூடுதல் தூரம் போகலாம். 2020-இல் எலான் மஸ்க் இன்னும் நிக்கல் எடுங்கள் என்று சுரங்க நிறுவனங்களைக் கேட்டுக்கொண்டார். ஆனால் சீக்கிரமே நிக்கலே இல்லாத, இரும்பும் பாஸ்பேட்டும் கொண்ட பேட்டரிகள் சீனாவில் முந்திவிட்டன. இந்தோனேசியச் சரக்கும் குவிய, விலை சரிந்தது. 2024-இல் ஆஸ்திரேலியாவில் பி.எச்.பி. நிறுவனம் தன் நிக்கல் பிரிவை நிறுத்தியது. நியூ கலிடோனியாவின் கோனியம்போ உலையும் அணைந்தது.

● இந்தியாவில் நிக்கல் தாதுவுக்கென்று சுரங்கம் இல்லை. எவர்சில்வர் தேசமான நாம் தேவைக்கு இறக்குமதியைத்தான் நம்பியிருக்கிறோம். ஒடிசாவின் சுகிந்தாவில் குரோமியத் தாதுவுக்கு மேலே வாரிக் கொட்டிய மண்ணில் நிக்கல் இருக்கிறது. கட்டுப்படியாகும் செலவில் அதைப் பிரிப்பதுதான் பாடு.

● செடியிலிருந்தும் நிக்கல் எடுக்கலாம். நியூ கலிடோனியாவில் ஒரு மரத்தின் பட்டையைக் கீறினால் நீலப்பச்சைப் பால் வடியும். அது உலர்ந்தால், எடையில் நூற்றுக்கு 25 பங்கு வரை நிக்கல். மலேசியாவின் சபா மாநிலத்தில் கினபாலு மலைப் பக்கம் வளரும் ஒரு புதரும் அப்படித்தான், மண்ணிலிருக்கும் நிக்கலை உறிஞ்சித் தண்டிலும் இலையிலும் சேர்க்கிறது. அதை வயலில் நட்டு, அவ்வப்போது கிளைகளை வெட்டி, எரித்து, சாம்பலிலிருந்து உலோகம் பிரிக்கும் சோதனைகள் நடந்திருக்கின்றன. வெட்டிய இடத்தில் புதர் மறுபடி துளிர்க்கிறது. தாவரவியலில் அது ஃபில்லாந்தஸ் பேரினம்: நம் நெல்லியும் கீழாநெல்லியும் சேர்ந்த அதே பேரினம்.