உங்களுக்குத் தெரியுமா? ஒரு பிடி மண்ணுக்கு ஒன்பது ஆண்டு!

ஆஸ்திரேலியாவின் வடக்குப் பிரதேசத்தில் வேவ் ஹில் என்றொரு மாபெரும் மாட்டுப் பண்ணை. ஒருகாலத்தில் பிரிட்டனின் வெஸ்டி குழுமத்துக்குச் சொந்தமாக இருந்தது. அங்கே மாடு மேய்த்த குரிந்ஜி பழங்குடியினருக்கு (நம் குறிஞ்சியோடு குழப்பிக்கொள்ள வேண்டாம்!) கூலியாகப் பெரும்பாலும் மாவும் தேயிலையும் சர்க்கரையும்தான் அளந்தார்கள். 1966 ஆகஸ்டில் வின்சென்ட் லிங்கியாரி தலைமையில் சுமார் 200 பேர் வேலையைப் போட்டுவிட்டு நடந்தே வெளியேறினர். கூலிக்கான சண்டை என்றே வெளியார் நினைத்தார்கள். அவர்கள் கேட்டதோ, தங்கள் பூர்வீக நிலத்தை.

1975 ஆகஸ்ட் 16 அன்று பிரதமர் காஃப் விட்லம், நிலத்தைத் திருப்பித் தருவதன் அடையாளமாக லிங்கியாரியின் உள்ளங்கையில் செம்மண்ணைக் கொட்டினார். அந்தக் காட்சியின் உலகறிந்த படத்தை எடுத்த மெர்வின் பிஷப்பும் பழங்குடியினரே. ஒரு சுவாரசியம்: விழா நடந்தது பந்தல் நிழலில். படம் எடுபடாது என்று இருவரையும் வெயிலுக்கு அழைத்துவந்து, மறுபடி மண்ணைக் கொட்டச் சொல்லித்தான் அதை எடுத்தார்!

அன்று கொடுத்தது வெறும் குத்தகைதான். முழு உரிமைப் பட்டா வந்தது 1986-இல். லிங்கியாரி இறப்பதற்கு இரண்டே ஆண்டுகள் முன்பு.