அச்சில் அழிந்த ஒளிப்புள்ளி

பிப்ரவரி 28-ஆம் தேதியை 1987 முதல் நம் நாட்டார் தேசிய விஞ்ஞான தினமாகக் கொண்டாடி வருகின்றனர். 1928-இல் கல்கத்தாவில் ஸர் சி. வி. ராமன் அவர்களும் கே. எஸ். கிருஷ்ணன் அவர்களும் கண்ட உண்மையை முன்னிட்டு ஏற்பட்ட தினம் அது. மாலையிட்டு உபந்நியாசம் செய்வதோடு நாம் திருப்தியடைந்து விடுகிறோம். அவ்வுண்மை அப்பால் எவ்வளவு தூரம் சென்றது என்று விசாரிப்பவர் சிலரே.

ஒரு வஸ்துவின்மீது ஒளி விழுந்தால், அதன் மூலக்கூறுகளின் துடிப்புக்கேற்பச் சிதறும் ஒளியில் ஒரு சிறு பாகம் நிறம் மாறி வெளிவரும். அப்பாகம் கோடியில் ஒன்று என்னும்படியான சொற்பம். விளக்கை இருமடங்காக்கினால் அதுவும் இருமடங்காகுமேயன்றிப் புதுமை ஒன்றும் நேராது. இதுவே நேர்விகிதம்.

1960-இல் அமெரிக்காவில் மெய்மான் என்பவர் லேசரை இயக்கிக் காட்டிய பின் இவ்விகிதம் குலைந்தது. ஊஞ்சலை மெல்ல ஆட்டினால் கையின் தாளத்திற்கே இசைந்து ஆடும். அளவு மீறித் தள்ளினாலோ சங்கிலி குலுங்கி வேறு தாளங்களும் எழும். வஸ்துவிலுள்ள எலெக்ட்ரான்களின் கதியும் அத்தகையதே. 1961-இல் மிச்சிகன் சர்வகலாசாலையில் பிராங்கன் என்பாரும் தோழர் மூவரும் 6943 ஆங்ஸ்ட்ராம் அலைநீளமுள்ள சிவப்பு லேசர் ஒளியைப் படிகக் கல்லினூடே செலுத்தினர். அதில் சரிபாதியான 3472 ஆங்ஸ்ட்ராமில், கண்ணுக்குப் புலனாகாத ஊதாக்கடந்த ஒளி பிறந்து, போட்டோத் தகட்டில் சிறு புள்ளியாகப் பதிந்தது. சங்கீத பாஷையில் சொன்னால், ஸட்ஜம் கொடுத்து மேல் ஸட்ஜம் பெற்றனர். ஆனால் சஞ்சிகையில் வெளியான படத்தில் அப்புள்ளியைக் காணோம்! தூசிக்கறை என்றெண்ணி அச்சிடுவோர் அதைத் துடைத்துவிட்டனர். அம்புக்குறி மட்டும் வெற்றிடத்தைச் சுட்டி நிற்கிறது. பத்திரிகைத் தொழிலிலுள்ள நாம் இதைக் கேட்டு நகைக்கத் துணியோம்.

இவ்வாறு வலிய ஒளியால் வஸ்துவின் உள்ளியல்பை வினவுவதையே நேரியலா நிறமாலை ஆராய்ச்சி என்கின்றனர். தண்ணீரை எடுத்துக்கொள்வோம். அதன் உட்புறத்தில் மூலக்கூறுகள் எத்திசையும் நோக்கிக் கிடப்பதால் இரட்டித்த ஒளி ஒன்றையொன்று அழித்துக்கொள்ளும். மேற்பரப்பில் அச்சமநிலை இல்லையாதலின், அங்கிருந்து வரும் ஒளி மேற்பரப்பின் செய்தியையே தாங்கி வரும்.

1965-இல் போர்டு மோட்டார் கம்பெனியின் ஆராய்ச்சிச் சாலையில் மேக்கர், டெர்ஹியூன் என்ற இருவர் ராமன் துடிப்பையே வேறு வழியில் எழுப்பினர். இரண்டு லேசர்களின் அதிர்வெண் வித்தியாசம் மூலக்கூறின் துடிப்போடு பொருந்துமாறு செய்தால், எண்ணிறந்த மூலக்கூறுகள் ஒரே தாளத்தில் துடிக்கின்றன. நாற்புறமும் சிதறிய மங்கல் ஒளிக்குப் பதிலாக, ஒரு திசையில் பாயும் வலுவான கிரணம் கிடைக்கிறது. எரியும் சுவாலையின் உஷ்ணத்தைத் தொடாமலே அளப்பதற்கு இம்முறை பயன்படுகிறது. 1999 முதல் உயிருள்ள செல்களுக்குள்ளும் இதனை நன்கு செலுத்திப் பார்த்து வருகின்றனர். கொழுப்பிலுள்ள கரி–ஹைட்ரஜன் பிணைப்பின் துடிப்பைக் கொண்டே, சாயம் ஏற்றாமல், கொழுப்புத் துளிகளைத் தனித்தனியே காண்கின்றனர். அம்முறையின் பெயரிலும் ராமன் என்ற சொல் இன்றும் வழங்கி வருகிறது.