பாத்திரத்தின் எடையும் பண்டத்தின் எடையும்

பிற மாநிலங்களில் குடியேறி வாழும் நம் இல்லங்களில், கூட்டலும் கழித்தலும் தடையின்றிச் செய்யும் குழந்தைகள்கூட, பின்னக் கணக்கு வாக்கிய உருவில் வந்தால் தயங்கி நிற்கக் காண்கிறோம். அத்தகைய கணக்கு ஒன்றை எடுத்துக்கொள்வோம்.

பித்தளைத் தவலை ஒன்றில் முக்கால் பாகம் நெய் இருக்கையில் மொத்த எடை 13 கிலோ. மூன்றில் ஒரு பாகம் நெய் இருக்கையில் 8 கிலோ. வெறும் தவலையின் எடை யாது?

முக்கால் பாகம் 13 எனில் முழுமையும் 17⅓ என்று குழந்தை விடை கூறக்கூடும். பெருக்கலில் பிழையில்லை. ஆனால் அந்த 13 கிலோவில் தவலையும் அடங்கியிருக்கிறதே! நெய்யை எடுத்தால் நெய் குறையுமேயன்றித் தவலை குறையாது. ஆகையால், இரு எடைகளுக்கும் உள்ள வித்தியாசமான 5 கிலோ முழுவதும் நெய்தான். இனிப் பின்னங்களின் வித்தியாசத்தைக் காண்போம். முக்கால் என்பது பன்னிரண்டில் ஒன்பது. மூன்றில் ஒன்று என்பது பன்னிரண்டில் நான்கு. வித்தியாசம் பன்னிரண்டில் ஐந்து. அது 5 கிலோ என்பதால், தவலை நிறைய நெய் 12 கிலோ. மூன்றில் ஒரு பாகம் 4 கிலோ. எட்டில் அது போகத் தவலை 4 கிலோ. முக்கால் பாக நெய்யான 9 கிலோவுடன் அதைக் கூட்டினால் 13 வருகிறது.

இது புத்தகத்தோடு நிற்கும் கணக்கன்று. நம் சமையலறைச் சிலிண்டரில் நிரப்பப்படும் எரிவாயு 14.2 கிலோ. வெற்றுச் சிலிண்டரின் எடை அதன்மேலேயே குறிக்கப்பட்டிருக்கும். அது சிலிண்டருக்குச் சிலிண்டர் சற்றே மாறும். 15.8 என்று கண்டிருந்தால், நிறைந்த சிலிண்டர் 30 கிலோ இருத்தல் வேண்டும். வாயு பாதியானால் எடை 22.9. முப்பதில் பாதி பதினைந்து என்போர், வெற்றுச் சிலிண்டரைவிடக் குறைந்த எடையையல்லவா எதிர்பார்க்கிறார்கள்! புதிய சிலிண்டர் 28 கிலோவே இருந்தால், பதினைந்தில் ஒரு பங்குதான் குறைவு என்று தோன்றும். நாம் விலை கொடுப்பதோ வாயுவுக்கு. அதில் ஏறக்குறைய ஏழில் ஒரு பங்கு குறைகிறது. வாங்குமுன் எடையிட்டுக் காட்டச் சொல்வதற்கு நமக்கு உரிமை உண்டு.

இந்தி வழங்கும் ஊர்களில் நம் பிள்ளைகளுக்கு மற்றொரு சங்கடமும் நேர்கிறது. அங்கே 'சவா கிலோ' என்றால் ஒன்றேகால் கிலோ. 'பௌனே தோ' என்பதைக் கேட்டவுடன், 'தோ' இரண்டாயிற்றே என்று இரண்டே முக்காலாகக் கொண்டால் ஒரு கிலோ பிசகிவிடும். நாம் ஒன்றோடு முக்காலைக் கூட்டி ஒன்றே முக்கால் என்கிறோம். அவர்கள் இரண்டிலிருந்து காலைக் கழித்து அதே இடத்துக்கு வருகிறார்கள்.

குழந்தைகளுக்கு இதையும் கொடுத்துப் பார்க்கலாம்: ஊறுகாய் நிறைந்த ஜாடி 'பௌனே தோ' கிலோ, ஊறுகாய் பாதியானபின் 'சவா' கிலோ. வெறும் ஜாடியின் எடை முக்கால் கிலோ என்று விடை வரவேண்டும்.