எண்கள் தரும் உடம்பு, நாம் தரும் கண்

ஈ.ஏ. ஸ்போர்ட்ஸ் நிறுவனத்தின் 'என்.ஹெச்.எல்.' வீடியோ கேமில் 'பி எ புரோ' பகுதிக்குள் நுழைந்ததும் ஒரு கேள்வி வழிமறிக்கும்: நீங்கள் எந்த வகை ஆட்டக்காரர்? இது நமக்குப் பழகிய புல்தரை ஹாக்கி அல்ல. பனித்தளத்தில் சறுக்கிக்கொண்டே ஆடும் ஐஸ் ஹாக்கி. கனடாக்காரர்கள் உயிரையே வைத்திருக்கும் ஆட்டம். 2008-இல் வந்த 'என்.ஹெச்.எல். 09' தொடங்கி இருந்துவரும் இந்தப் பகுதியில், ஒரே ஒரு வீரரை உருவாக்கி, புதுமுகமாக இறக்கிவிட்டு, நட்சத்திரமாக வளர்த்தெடுக்க வேண்டும். கோலுக்குக் குறிவைப்பவர் ஸ்னைப்பர். மற்றவர்களுக்கு வாய்ப்பு அமைத்துத் தருபவர் பிளேமேக்கர். முட்டி மோதி முன்னேறுபவர் பவர் ஃபார்வர்டு. தாக்குதல், தற்காப்பு இரண்டையும் பார்த்துக்கொள்பவர் டூ-வே ஃபார்வர்டு.

கோல் அடிக்கும் ஆசையில் பலரும் யோசிக்காமல் ஸ்னைப்பரைத் தொட்டுவிடுவார்கள். ஆனால் அந்தப் பட்டியல் ஒரு பேரம். பலம், வேகம் போன்ற திறன்களில் ஒன்றுக்கு எண் ஏறினால் இன்னொன்றுக்கு இறங்கும். பலமும் வேகமும் சேர்ந்த ஆளை ஆரம்பத்திலேயே தந்தால் என்ன? கேம் சுவாரசியமாக இருக்க வேண்டும் என்பதற்காக மட்டும் வைத்த தடை இல்லை அது. இயற்கையும் அப்படித் தருவதில்லை.

ஒரு வீரரை அதே உடல்வாகில் பத்து சதவீதம் உயரமாக்கினால் என்ன ஆகும் என்று கணக்குப் போடலாம். தசையின் பலம் அதன் குறுக்குவெட்டுப் பரப்பைப் பொறுத்தது. அது 21 சதவீதம் கூடும். எடையோ கன அளவைப் பொறுத்தது. அது 33 சதவீதம் கூடிவிடும். பலம் ஏறியதைவிடச் சுமை அதிகமாக ஏறிவிட்டது. அதனால்தான் பெரிய ஆள் நின்ற இடத்திலிருந்து பாய்வதற்கும் சட்டென்று திரும்புவதற்கும் திணறுகிறார்.

அந்த எடைக்குப் பலன் மோதலில் கிடைக்கிறது. 100 கிலோ வீரரும் 80 கிலோ வீரரும் நொடிக்கு 8 மீட்டர் வேகத்தில் நேருக்கு நேர் மோதி, ஒட்டிக்கொண்டே நகர்வதாக வைத்துக்கொள்வோம். இருவர் மீதும் விழும் விசை ஒன்றுதான். ஆனால் கனமானவரின் வேகம் நொடிக்கு 7.1 மீட்டர் மாறுகிறது; மெலிந்தவருடையது 8.9 மீட்டர் மாறுகிறது. கனமானவர் மெதுவாகவாவது முன்னே நகர்கிறார். மெலிந்தவர் வந்த வழியே பின்னுக்குத் தள்ளப்படுகிறார். பவர் ஃபார்வர்டு வகையின் மொத்த வாழ்க்கையும் இந்த வித்தியாசத்தில் ஓடுகிறது.

ஸ்னைப்பரின் ரகசியம் மட்டையில் இருக்கிறது. 'ஸ்லாப் ஷாட்' அடிக்கும்போது மட்டை முதலில் தொடுவது 'பக்' எனும் 170 கிராம் ரப்பர் வில்லையை அல்ல, அதற்குச் சற்றுப் பின்னால் இருக்கும் பனியை. அந்த அடியில் மட்டையின் தண்டு வில் போல வளைந்து, ஆற்றலைச் சேமித்து, நிமிரும்போது வில்லையை உதைத்துத் தள்ளுகிறது. 2012-இல் நடந்த போட்டியொன்றில் ஸ்டெனோ சாரா என்ற வீரர் இப்படி அடித்த வில்லை மணிக்கு 175 கிலோமீட்டர் வேகத்தில் பறந்தது. ஆனால் மட்டையை ஓங்குவதற்கு நேரம் பிடிக்கும். அதற்குள் எதிராளி பக்கத்தில் வந்துவிடுவார். மணிக்கட்டைச் சுழற்றி அடிக்கும் 'ரிஸ்ட் ஷாட்' வேகம் குறைந்தது, ஆனால் நொடியில் கிளம்பிவிடும். கேம் இந்த இரண்டுக்கும் தனித்தனி எண் கொடுத்திருப்பது சும்மா இல்லை.

அந்த அடிக்கு எதிரே நிற்கும் கோல்கீப்பரின் கணக்கு இன்னும் கடினம். மணிக்கு 160 கிலோமீட்டர் வேகத்தில் வரும் வில்லை 9 மீட்டரைக் கடக்க 0.2 நொடி போதும். கண் பார்த்து மூளை உணர்ந்து கை அசையத் தொடங்கவே ஏறக்குறைய அவ்வளவு நேரம் ஆகிவிடும். பார்த்துப் பிடிக்க முடியாதபோது, வழியை முன்கூட்டியே அடைப்பதுதான் புத்திசாலித்தனம். முழங்காலிட்டுக் கால்களை இருபுறமும் விரித்து வலையின் கீழ்ப்பகுதியை மூடும் 'பட்டர்ஃபிளை' பாணி அதைத்தான் செய்கிறது. கிளென் ஹால் என்ற கோல்கீப்பர் தொடங்கிவைத்த இந்தப் பாணியை 1980-களில் பேட்ரிக் ராய் பரவலாக்கினார்.

இதுவரை சொன்னதெல்லாம் உடம்பு. அதைக் கேம் எண்களாகத் தந்துவிடுகிறது. பிளேமேக்கரிடம் வந்தால் கதை மாறுகிறது. அந்த வகையைச் சேர்ந்த வெய்ன் கிரெட்ஸ்கி, என்.ஹெச்.எல். லீகின் வழக்கமான சீசன் ஆட்டங்களில் 894 கோல்கள் அடித்தார். அந்தச் சாதனையை 2025 ஏப்ரலில் அலெக்ஸ் ஓவெச்கின் முறியடித்துவிட்டார். ஆனால் கோலுக்கு வழிசெய்த 1,963 'அசிஸ்ட்'கள் இன்னும் கிரெட்ஸ்கியிடமே இருக்கின்றன. வேறு எவரும் கோல், அசிஸ்ட் இரண்டையும் கூட்டிப் பார்த்தாலும் அந்த எண்ணை எட்டியதில்லை. எதிரணி வலையின் பின்பக்கத்தில் நின்றுகொண்டு ஆட்டத்தை நடத்துவது அவர் வழக்கம். அந்த இடத்துக்கே அவருடைய 'ஆபீஸ்' என்று பெயர்.

வில்லையை யாருக்கு அனுப்பலாம் என்பது அவர் கண்ணுக்கு மட்டும் எப்படித் தெரிந்தது? 1973-இல் வில்லியம் சேஸ், ஹெர்பர்ட் சைமன் இருவரும் சதுரங்க வீரர்களை வைத்துச் செய்த ஆய்வு ஒரு துப்பு தருகிறது. நிஜ ஆட்டத்தின் நிலைகளைச் சில நொடிகள் காட்டியபோது, தேர்ந்த வீரர் அவற்றைப் புதியவரைவிட மிகச் சரியாக மறுபடி அடுக்கினார். காய்களைத் தாறுமாறாகப் பரப்பியபோது அந்த மேன்மை காணாமல் போனது. தேர்ந்தவரிடம் இருந்தது பொதுவான நினைவாற்றல் அல்ல; காய்களைக் கொத்துக் கொத்தாகப் பார்க்கும் பழக்கம். பல நூறு ஆட்டங்களில் ஊறி வரும் அந்தப் பழக்கத்தை எந்த மெனுவிலும் புள்ளி செலவழித்து வாங்க முடியாது. வில்லையைத் துல்லியமாக அனுப்பும் கையைக் கேம் தரும்; யாருக்கு அனுப்புவது என்பதைத் திரைக்கு வெளியே உட்கார்ந்திருப்பவர்தான் பார்க்க வேண்டும்.

ஆகவே வகையைத் தேர்ந்தெடுக்கும்போது, பிடித்த வீரரை நினைக்காமல் நம்மிடம் ஏற்கெனவே இருப்பது என்ன என்று பார்க்கலாம். ஐஸ் ஹாக்கியைப் பல வருடம் பார்த்தவருக்கு பிளேமேக்கர் பொருந்தும். ஆட்டம் பிடிபடாவிட்டாலும் கட்டைவிரல் சுறுசுறுப்பாக இருப்பவர் ஸ்னைப்பராகிப் பிழைத்துக்கொள்ளலாம். இரண்டும் இல்லாதவருக்கு டூ-வே ஃபார்வர்டு. தற்காப்பில் சிறந்த முன்கள வீரருக்கான செல்கி விருதை ஆறு முறை வாங்கிய பேட்ரிஸ் பெர்ஜரானின் வழி அது. அதில் கோல் குறையும். ஆனால் எதிரணியின் தாக்குதல் எங்கிருந்து கிளம்புகிறது என்று ஒவ்வொரு முறையும் திரும்பிப் பார்த்தாக வேண்டும். அப்படிப் பார்த்துப் பார்த்தே ஒரு சீசன் போனால், அடுத்த வீரரை உருவாக்கும்போது பிளேமேக்கரைத் தொட விரல் தயங்காது.