துணி சிறிது, உரிமை பெரிது!

ஆண்டுதோறும் நவம்பர் 11ஆம் நாள், அமெரிக்காவில் நியூயார்க் மாநிலத்தைச் சேர்ந்த கனன்டைகுவா என்னும் சிற்றூரில் ஒரு கூட்டம் கூடுகிறது. அந்த மண்ணின் ஆதிக்குடிகளான இரோக்குவாய் மக்கள் அணிவகுத்து வருகிறார்கள். 1794இல் அதே நாளில், அதே ஊரில், அமெரிக்க அரசு தங்களோடு செய்துகொண்ட உடன்படிக்கையை ஊரறிய நினைவூட்டுகிறார்கள்.

அந்த உடன்படிக்கையின்படி ஆண்டுக்கு 4,500 டாலர் மதிப்புள்ள பொருள்களை அமெரிக்க அரசு கொடுத்தாக வேண்டும். இன்றும் கொடுக்கிறது — துணியாக! அன்று அந்தத் தொகைக்கு வந்த துணி, உடுத்தும் ஆடையாயிற்று. இன்றைய விலைவாசி எங்கே, அந்த 4,500 டாலர் எங்கே! தலைக்கு ஒரு சிறு துண்டு தேறினால் பெரிது. ஆயினும் துணி வந்தாக வேண்டும் என்பதில் அவர்கள் அணுவளவும் விட்டுக்கொடுக்கவில்லை.

ஏன்? உடுக்க வேறு துணி இல்லாமலா? கையேந்திப் பழகியதாலா? இல்லை, தோழர்களே, இல்லை! ஆண்டுதோறும் அரசு அந்தத் துணியைக் கொடுத்துக்கொண்டிருக்கிற வரையில், "ஒப்பந்தம் செத்துவிட்டது" என்று சொல்ல அதற்கு வாய் வராது! ஒப்பந்தம் கண்டு, அந்த ஒப்பந்தத்தைக் காப்பாற்ற மறுபடியும் வாயிற்கூட்டம் போட்ட தொழிலாளத் தோழர்களுக்கு இதன் பொருளை நாம் விளக்கவேண்டியதில்லை.

ஐந்து அம்புகள்

யார் இந்த இரோக்குவாய்கள்? மோஹாக், ஒனைடா, ஒனொண்டாகா, கயூகா, செனகா என ஐந்து இனத்தார். ஒருவரையொருவர் வெட்டிக்கொண்டு மடிந்த காலம் ஒன்று இருந்தது. சமாதானத் தூதர் ஒருவர் தோன்றி, ஆயுதங்களை ஒரு பைன் மரத்தின் வேரடியில் புதைக்கச் செய்தார் என்பது அவர்கள் வழிவழியாகச் சொல்லிவரும் வரலாறு. ஓர் அம்பை எவனும் ஒடிப்பான். ஐந்தைச் சேர்த்துக் கட்டினால் ஒடிக்க எவனுண்டு? இதுவே அவர்களது அரசியல் சட்டத்தின் உயிர்நாடி. 1722ஆம் ஆண்டையொட்டி டஸ்கரோரா இனத்தாரும் வந்து சேர, ஐந்து ஆறாயிற்று.

தங்களை அவர்கள் 'நெடுவீட்டு மக்கள்' என்று அழைத்துக்கொண்டார்கள். நீண்ட வீடு; பல அடுப்பு; பல குடும்பம்; கூரை ஒன்று. கிழக்கு வாயிலுக்கு மோஹாக் காவல். மேற்கு வாயிலுக்குச் செனகா காவல். நடுவே அணையா நெருப்பு ஒனொண்டாகாவிடம். அவையில் ஐம்பது தலைவர்கள். அவர்களைத் தேர்ந்தெடுப்பவர் யார்? குலத்தின் மூத்த தாய்மார்கள்! நெறி தவறிய தலைவனைப் பதவியினின்று இறக்கும் அதிகாரமும் அந்தத் தாய்மார்களுக்கே. ஐரோப்பாவின் மன்னர்கள் 'கடவுள் தந்த கிரீடம்' என்று தருக்கித் திரிந்த நாளில், காட்டுமிராண்டிகள் என்று ஏசப்பட்டவர்களிடம் இப்படி ஓர் ஆட்சிமுறை இருந்தது!

சிப்பி மணியும் வெள்ளிச் சங்கிலியும்

அவர்களிடம் எழுத்தில்லை. ஆனால், சொன்ன சொல்லைப் பதியவைக்க வழி இருந்தது. கடற்சிப்பியில் செய்த வெள்ளை மணியையும் ஊதா மணியையும் கோத்து பட்டை நெய்வார்கள். உடன்படிக்கையின் ஒவ்வொரு கூற்றுக்கும் ஒரு பட்டை அல்லது சரம். அது கைமாறாமல் பேசிய பேச்சு வெறும் காற்று! எதிர்த்தரப்பு சொன்னதை முதலில் அப்படியே திருப்பிச் சொல்லிக் காட்டுவார்கள். அன்றே விடை கூறமாட்டார்கள். அவை கூடிப் பேசி, ஒருமனப்பட்ட பிறகே பதில். பறக்கப் பறக்க வந்த வெள்ளை அதிகாரிகள் அங்கே பொறுமை கற்றார்கள்.

டச்சுக்காரர்களோடு கண்ட முதல் உடன்பாட்டின் நினைவாக அவர்கள் போற்றும் பட்டையில், வெண்மைக்கு நடுவே இரண்டு ஊதாக் கோடுகள் ஓடுகின்றன. ஒரே ஆற்றில் இரண்டு படகுகள். உன் படகை நீ செலுத்து, என் படகை நான் செலுத்துகிறேன். ஒருவர் துடுப்பில் மற்றவர் கைவைக்க வேண்டாம். இதுதான் அதன் பொருள்!

ஆங்கிலேயரோடு கொண்ட நட்புக்கு 'உடன்படிக்கைச் சங்கிலி' என்று பெயர். 1677இல் ஆல்பனி நகரில் அது உறுதிப்பட்டது. அதை வெள்ளிச் சங்கிலி என்றார்கள். வெள்ளி துருப்பிடிக்காது, ஆனால் மங்கும். ஆகவே அடிக்கடி கூடவேண்டும், குறைகளைப் பேசவேண்டும், சங்கிலியைத் துலக்கவேண்டும். ஒப்பந்தம் என்பது ஒருநாள் கூத்தல்ல, தொடர்ந்து செய்யும் வேலை என்பதை இதைவிட எளிதாகச் சொன்னவர் உண்டோ?

இரண்டு பகைவர், ஒரு தராசு

வடக்கே பிரெஞ்சுக்காரன், கிழக்கே ஆங்கிலேயன். இருவருக்கும் நிலத்தின்மீது கண். தோல் வணிகத்தின்மீது நாக்கு. நடுவே, எண்ணிக்கையில் சில ஆயிரமே கொண்ட இரோக்குவாய்கள். நசுங்கினார்களா? இல்லை! 1701ஆம் ஆண்டுக் கோடையில் ஆல்பனியில் ஆங்கிலேயரோடு நட்பைப் புதுப்பித்தார்கள். அதே கோடையில் மாண்ட்ரியால் நகரில், நாற்பது இனங்களின் தூதர்கள் அளவில் கூடிய மாபெரும் அவையில், பிரெஞ்சுக்காரரோடும் அவர்தம் நேசர்களோடும் சமாதானம் கண்டார்கள். உங்கள் இருவர் சண்டையில் நாங்கள் எப்பக்கமும் சேரோம் என்றார்கள். இருதரப்பும் அவர்கள் வாசலுக்குத் தூதனுப்பிக் காத்துக்கிடந்தது.

1744இல் லங்காஸ்டர் மாநாட்டில், ஒனொண்டாகாத் தலைவர் கனசட்டேகோ ஆங்கிலக் குடியேற்றங்களுக்கே புத்தி சொன்னார்: எங்களைப் போல் நீங்களும் ஒன்றுபடுங்கள் என்று! அந்த உரையை அச்சிட்டு வெளியிட்டவர் பெஞ்சமின் பிராங்க்ளின். ஆனால், அதே மாநாட்டில் சூதும் நடந்தது. ஒரு பள்ளத்தாக்கைக் கொடுத்தோம் என்று இரோக்குவாய்கள் எண்ணினார்கள். மேற்கே எல்லையற்ற நிலமும் எங்களுடையதே என்று வர்ஜீனியாக்காரர்கள் பத்திரத்துக்குப் பொருள் கண்டார்கள். பட்டை சொன்னது ஒன்று. காகிதம் சொன்னது வேறொன்று!

வீடு இரண்டுபட்டது

ஊர் இரண்டுபட்டால் கூத்தாடிக்குக் கொண்டாட்டம் என்பார்கள். வெள்ளையர் இரண்டுபட்டிருந்தவரை இரோக்குவாய்களின் கை ஓங்கியிருந்தது. 1763இல் பாரிஸ் உடன்படிக்கை வந்தது. புதுச்சேரியைப் பிரெஞ்சுக்காரரிடம் திருப்பித் தந்ததும் இதே உடன்படிக்கைதான். கனடாவில் பிரெஞ்சுக் கொடி இறங்கியது. தராசின் ஒரு தட்டு அறுந்து விழுந்தது.

அவர்கள் செய்த தவறையும் மறைக்கக்கூடாது. 1768இல் ஸ்டான்விக்ஸ் கோட்டையில், ஒஹையோ ஆற்றுக்குத் தெற்கே ஷானி மக்கள் வேட்டையாடி வாழ்ந்த நிலத்தை, அவர்களைக் கேளாமலே, ஆங்கிலேயருக்கு எழுதிக்கொடுத்தார்கள். பத்தாயிரம் பவுனுக்கு மேல் கைக்கு வந்தது. பக்கத்து வீட்டான் பகைவனானான். தன் வீட்டைக் காக்க அடுத்தவன் வீட்டை விலை பேசியவனுக்கு, ஆபத்து நேரத்தில் தோள்கொடுக்க யார் வருவார்?

அடுத்து நேர்ந்தது அதனினும் கொடிது. அமெரிக்கக் குடியேற்றங்கள் ஆங்கில மன்னனை எதிர்த்து எழுந்தபோது நெடுவீடே பிளந்தது. ஒனைடா மக்களில் பெரும்பாலோர் அமெரிக்கர் பக்கம். மோஹாக், செனகா முதலியோர் ஆங்கிலேயர் பக்கம். 1777இல் ஒரிஸ்கனி போர்க்களத்தில் ஒரே கூரையின்கீழ் வாழ்ந்தவர்கள் ஒருவரையொருவர் சுட்டார்கள். 1779இல் வாஷிங்டன் அனுப்பிய படை நாற்பதுக்கு மேற்பட்ட ஊர்களைக் கொளுத்தியது. விளைந்து நின்ற சோளத்தை அழித்தது. 1783இல் ஆங்கிலேயன் சமாதானம் செய்துகொண்டு போனான். தனக்காக உயிர்விட்ட இந்த மக்களைப் பற்றி அந்த உடன்படிக்கையில் ஒரு வரிகூட எழுதவில்லை! 1784இல் அமெரிக்கர்கள் பணயக் கைதிகளைப் பிடித்துவைத்துக்கொண்டு நிலத்தைப் பறித்தார்கள்.

அப்படியிருக்க, பத்தே ஆண்டில் கனன்டைகுவாவில் இறங்கிவந்தது ஏன்? இரக்கத்தாலா? 1790லும் 1791லும் மேற்கத்திய இனங்கள் ஒன்றுசேர்ந்து அமெரிக்கப் படைகளை முறியடித்தன. இரோக்குவாய்களும் அவர்களோடு சேர்ந்துவிட்டால்? அந்த அச்சம் பிறந்தது, உடன்படிக்கை பிறந்தது. உங்கள் நிலம் உங்களுடையதே, அதற்கு ஒருநாளும் உரிமை கோரோம் என்று எழுதிக்கொடுத்தார்கள்.

எழுதியதைக் காத்தார்களா? 1965இல் கின்சுவா அணை கட்டிமுடிக்கப்பட்டது. செனகா மக்களின் பத்தாயிரம் ஏக்கர் அளவு நிலம் நீரில் மூழ்கியது. அறுநூறு பேர் அளவில் வீடிழந்தார்கள். 1794இல் கையொப்பமிட்ட கார்ன்பிளாண்டர் என்ற தலைவரின் கல்லறையைக்கூட இடம் மாற்றினார்கள். 1794 உடன்படிக்கையைக் காட்டி முறையிட்டபோது, அணையை நிறுத்துவதற்கில்லை என்று குடியரசுத் தலைவர் கென்னடி 1961இல் கைவிரித்தார்.

அதற்குப் பிறகும் துணி வருகிறது. அதற்குப் பிறகும் அதை வாங்குகிறார்கள். ஒரு விதியை நீ மீறினாய். மீறியதற்குச் சாட்சியாக மற்றொரு விதி இதோ என் கையில் இருக்கிறது என்பதே அதன் பொருள். மூழ்கிய நிலத்தை அந்தத் துண்டுத் துணி மீட்டுத் தராது. ஆனால் மிச்சமுள்ள நிலத்தில் நின்று வாதாட, அது ஒரு பிடிமானம்.

ஒற்றுமை இருந்த நாளில் பேரரசுகள் இந்தச் சிறு கூட்டத்தின் வாசலில் நின்றன. ஒற்றுமை உடைந்த நாளில் பத்திரங்கள் குப்பையாயின. ஆகவே தோழர்களே, கையெழுத்தான நாளோடு வேலை முடிந்தது என்று எண்ணிவிட வேண்டாம். சங்கிலி வெள்ளியே ஆனாலும் மங்கும். கூடுவோம், கணக்குக் கேட்போம், துலக்குவோம்!