பெரியம்மை மறைந்தது, அம்மைப்பால் மறையாதது ஏன்?

நம் தோட்டங்களில் வாழும் முதியவர்கள் பலரின் கையில், தோளுக்குச் சற்றுக் கீழே, காசளவு வட்டமாகக் குழிந்த தழும்பு ஒன்றைக் காணலாம். சிலருக்கு இரண்டு மூன்றுகூட இருக்கும். அது அம்மை குத்திய தழும்பு. அவர்களுடைய பேரப்பிள்ளைகளின் கையிலும் ஒரு சிறு தழும்பு உண்டு. ஆனால் அது வேறொரு நோய்க்கான ஊசியால் ஏற்பட்டது. அதனைப் பற்றிப் பின்னர்க் கூறுவோம்.

பெரியம்மை உலகை விட்டே ஒழிந்துவிட்டமையால் இன்றைய பிள்ளைகளுக்கு அம்மை குத்தப்படுவதில்லை. ஆயினும், அந்நோயைத் தடுக்கும் மருந்தைச் சில நாடுகள் இன்றும் தயாரித்துச் சேமித்து வைத்திருக்கின்றன. ஒரு சிலருக்கு அதனைப் போட்டும் வருகின்றன. இல்லாத நோய்க்கு மருந்து எதற்கு? இருக்கின்ற மருந்தை நம் பிள்ளைகளுக்குப் போடாதது ஏன்? இவ்விரு வினாக்களுக்கும் விடை கூறுவதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

கொடிய நோய்

வைசூரி என்றும் அழைக்கப்பட்ட பெரியம்மை, ‘வேரியோலா’ என்னும் கிருமியால் உண்டாயிற்று. நோயாளியின் மூச்சு, எச்சில், கொப்புளச் சீழ், அவர் புழங்கிய துணி, பாய் ஆகியவற்றின் வழியாக அது பரவியது. கிருமி உடலில் புகுந்த 7 முதல் 19 நாட்களுக்குள் கடுங்காய்ச்சலும் தலைவலியும் முதுகுவலியும் தோன்றும். பின்னர் முகம், கை, கால் எங்கும் முத்துக்கள் எழும்பிச் சீழ் கட்டும். அம்மை குத்திக் கொள்ளாதவர்களுள் இந்நோய் கண்ட பத்துப் பேரில் ஏறத்தாழ மூவர் மாண்டனர். பிழைத்தவர்களின் முகத்தில் தழும்புகள் நிலைத்தன. சிலர் கண்ணொளியையும் இழந்தனர். இருபதாம் நூற்றாண்டில் மட்டும் ஏறத்தாழ 30 கோடி மக்களை இந்நோய் பலி கொண்டது என்று மதிப்பிடப்படுகிறது.

நம் முன்னோர் இந்நோய் கண்ட வீட்டின் வாசலில் வேப்பிலை செருகி வைத்தனர். மாரியம்மனை வேண்டி, நோயாளியைத் தனியே கிடத்தினர். பிறர் அவ்வீட்டினுள் புகுவதில்லை. நோயாளியைப் பிறரிடமிருந்து பிரித்து வைத்த அவ்வழக்கம், மருத்துவ நோக்கிலும் பயன் உடையதே. தமிழகத்திலிருந்து மலாயாத் தோட்டங்களுக்கு வந்த தொழிலாளர்கள் கப்பல் ஏறுமுன் அம்மை குத்திக் கொள்ள வேண்டியிருந்தது. வந்த கப்பலில் அம்மை கண்டால், பயணிகள் பினாங்கை அடுத்துள்ள புலாவ் ஜெரஜாக் போன்ற தடுப்பு முகாம்களில் தங்க வைக்கப்பட்டனர். அன்று கரையில் மக்கள் கொண்டிருந்த அச்சம் அத்தகையது.

அம்மைப்பால் பிறந்த வரலாறு

இங்கிலாந்தில் பெர்க்லி என்னும் ஊரில் எட்வர்டு ஜென்னர் என்ற மருத்துவர் இருந்தார். பசுவின் மடியில் தோன்றும் மாட்டம்மை, பால் கறக்கும் பெண்களின் கைக்கும் தொற்றுவது உண்டு. அவ்வாறு மாட்டம்மை கண்டவர்களைப் பெரியம்மை தீண்டுவதில்லை என்று சிற்றூர் மக்கள் பேசிக்கொண்டனர். மக்களின் இப்பேச்சை ஜென்னர் ஏளனம் செய்யவில்லை. சோதித்துப் பார்க்கத் துணிந்தார். 1796ஆம் ஆண்டு மே 14ஆம் நாள், சாரா நெல்ம்ஸ் என்னும் பால்காரப் பெண்ணின் கைக் கொப்புளத்திலிருந்து நீரை எடுத்து, ஜேம்ஸ் பிப்ஸ் என்ற எட்டு வயதுச் சிறுவனின் கையில் கீறி வைத்தார். சில வாரங்களுக்குப் பின், பெரியம்மைக் கொப்புளத்தின் நீரையே அச்சிறுவனுக்குச் செலுத்திப் பார்த்தார். நோய் வரவில்லை. இலத்தீன் மொழியில் ‘வாக்கா’ என்றால் பசு. தடுப்பு மருந்துக்கு ‘வாக்சின்’ என்ற பெயர் இதிலிருந்தே வந்தது. 1802ஆம் ஆண்டில் இம்மருந்து பம்பாயை வந்தடைந்தது. தமிழில் இதனை அம்மைப்பால் என்றனர்.

பிற்காலத்தில் பயன்பட்ட அம்மைப்பாலில் இருந்தது ‘வாக்சினியா’ என்னும் கிருமி. இது மாட்டம்மைக்கும் பெரியம்மைக்கும் நெருங்கிய இனம். ஆனால் பெரியம்மையைப் போல் கொல்லும் வலிமை அற்றது. இது தோலில் ஒரு கொப்புளத்தை உண்டாக்கி ஆறுவதற்குள், இவ்வினக் கிருமிகளை எதிர்க்கும் ஆற்றலை உடல் பெற்று விடுகிறது. அம்மை குத்துவோர் ஊசியை ஆழமாகச் செலுத்துவதில்லை. மரத்தில் காயம் படாமல் பட்டையை மட்டும் அளவாகச் சீவுவது பால் மரம் வெட்டுவோரின் கைத்திறன் அல்லவா? அதுபோலவே, இங்கும் மேல்தோலை மட்டும் கீறினால் போதும்.

நோயைச் சுற்றி ஒரு வேலி

1967ஆம் ஆண்டில் உலகச் சுகாதார நிறுவனம் பெரியம்மையை ஒழிக்கும் தீவிர இயக்கத்தைத் தொடங்கியது. அவ்வாண்டில் மட்டும் உலகில் ஒரு கோடிக்கு மேற்பட்டோருக்கு நோய் கண்டிருக்கலாம் என்றும், ஏறத்தாழ 20 இலட்சம் பேர் இறந்திருக்கலாம் என்றும் மதிப்பிடப்பட்டது. வெப்ப நாடுகளிலும் கெடாத உலர்ந்த மருந்துப் பொடியும், சிறு கவை போல் இரு முனை கொண்ட ஊசியும் இவ்வியக்கத்திற்குப் பெருந்துணை புரிந்தன.

இவற்றினும் பெரியது செயல்முறையில் ஏற்பட்ட மாற்றம். 1966ஆம் ஆண்டின் இறுதியில், ஆப்பிரிக்காவின் நைஜீரியா நாட்டில் அனைவருக்கும் போதிய மருந்து கைவசம் இல்லாத நிலையில், வில்லியம் ஃபேகி என்ற மருத்துவரும் அவருடைய குழுவினரும் ஒரு வழி கண்டனர். நோய் எங்கு இருக்கிறதோ அங்கே விரைந்து சென்று, நோயாளியோடு பழகியவர்களுக்கும் அண்டை அயலாருக்கும் மட்டும் அம்மை குத்தினர். நோய் மேலும் பரவ ஆள் இன்றி அணைந்தது.

இரப்பர்த் தோட்டத்தில் இருப்போருக்கு இம்முறை புதிதன்று. ஒரு மரத்தை வெள்ளை வேர் நோய் தாக்கினால், பிற மரங்களின் வேருக்கு அது பரவாதவாறு சுற்றிலும் அகழி வெட்டிப் பிரிப்பது உண்டு. தோட்டம் முழுவதையும் தோண்ட வேண்டியதில்லை. பெரியம்மைக்கும் அவ்வாறே அகழி வெட்டப்பட்டது.

1974ஆம் ஆண்டில் இந்தியாவின் பீகார் மாநிலத்தில் பெருங்கொள்ளை நோயாக மூண்ட பெரியம்மை, வீடு வீடாகச் சென்று தேடிய சுகாதார ஊழியர்களின் உழைப்பால் மறு ஆண்டே இந்தியாவை விட்டு அகன்றது. கொடிய வகைப் பெரியம்மை கடைசியாகக் கண்டது வங்காளதேசத்தில், 1975ஆம் ஆண்டு அக்டோபரில், ஒரு சிறுமிக்கு. சற்றுக் கடுமை குறைந்த மற்றொரு வகை, 1977ஆம் ஆண்டு அக்டோபரில் சோமாலியாவில் அலி மாவ் மாலின் என்ற மருத்துவமனைச் சமையற்காரருக்குக் கண்டது. இருவரும் பிழைத்தனர். மாலின், பிற்காலத்தில் போலியோ தடுப்பு மருந்து கொடுக்கும் பணியில் ஈடுபட்டு, தாய்மார்களிடம் தம் கதையைச் சொல்லி வந்தார். 1980ஆம் ஆண்டு மே 8ஆம் நாள், பெரியம்மை உலகில் இல்லை என்று உலகச் சுகாதாரப் பேரவை அறிவித்தது.

குத்துவதை நிறுத்தியது ஏன்?

நல்ல மருந்தாயிற்றே, தொடர்ந்து போட்டால் என்ன என்று சிலர் கேட்கலாம். அம்மைப்பால் உயிருள்ள கிருமியைக் கொண்டது. பெரும்பாலோருக்கு அது கொப்புளத்தோடும் சிறு காய்ச்சலோடும் நின்றுவிடும். ஆயினும் கரப்பான் உள்ளவர்கள், நோய் எதிர்ப்பாற்றல் குன்றியவர்கள், கருவுற்ற பெண்கள் ஆகியோருக்கு அது தீங்கு விளைவிக்கக்கூடும். முதன்முறையாகக் குத்திக் கொள்ளும் 10 இலட்சம் பேரில் ஒருவரோ இருவரோ அதனால் இறக்கவும் நேர்ந்தது. பத்தில் மூவரைக் கொல்லும் நோய் வாசலில் நின்றபோது, அவ்வாபத்து ஒரு பொருட்டாகத் தோன்றவில்லை. நோயே இல்லாதபோது அவ்வாபத்தை ஏற்பது அறிவுடைமை ஆகாது. அமெரிக்கா 1972ஆம் ஆண்டிலேயே பொதுமக்களுக்கு அம்மை குத்துவதை நிறுத்தியது. 1980ஆம் ஆண்டு அறிவிப்பை ஒட்டி ஏனைய நாடுகளும் நிறுத்தின.

ஆகவே, நம் பிள்ளைகளுக்கு இம்மருந்து போடப்படாதது எவருடைய கவனக் குறைவும் அன்று. அது தன் வேலையைச் செய்து முடித்துவிட்டது என்பதே காரணம்.

இன்றும் அது பயன்படும் இடங்கள்

முதலாவது பயன், எச்சரிக்கைக்காக. பெரியம்மைக் கிருமி நாட்டிலும் காட்டிலும் இல்லையெனினும், அமெரிக்காவில் அட்லாண்டா நகரிலும் இரஷ்யாவில் நோவோசிபிர்ஸ்க் அருகிலும் உள்ள இரு ஆய்வுக்கூடங்களில், உலகச் சுகாதார நிறுவனத்தின் மேற்பார்வையில், பூட்டி வைக்கப்பட்டுள்ளது. ஆய்வுக்கூடத்திலிருந்து நோய் தப்பினால் நேரும் துயரத்தை 1978ஆம் ஆண்டில் உலகம் கண்டது. சோமாலியாவில் நோய் அணைந்த மறு ஆண்டு, இங்கிலாந்தின் பர்மிங்காம் நகரில், பெரியம்மைக் கிருமியை ஆராய்ந்து வந்த ஆய்வுக்கூடம் இருந்த கட்டடத்திலேயே பணியாற்றிய நிழற்படக் கலைஞர் ஒருவர் அந்நோய் கண்டு இறந்தார். 2014ஆம் ஆண்டில் அமெரிக்காவில் பழைய குளிர்ப்பெட்டி அறை ஒன்றில், பல்லாண்டுகளாக எவரும் நினையாமல் கிடந்த பெரியம்மைக் குப்பிகள் சில கண்டெடுக்கப்பட்டன. இத்தகைய காரணங்களாலேயே நாடுகள் தடுப்பு மருந்தைச் சேமித்து வைக்கின்றன. கிருமி தொற்றியபின்கூட, நான்கு நாட்களுக்குள் அம்மை குத்தினால் நோயைத் தடுக்கவோ அதன் கடுமையைக் குறைக்கவோ இயலும். ஆதலால், உலகில் அனைவருக்கும் முன்கூட்டியே போட வேண்டியதில்லை. வேண்டும்போது வேண்டிய இடத்தில் மருந்து கிடைத்தால் போதும்.

இரண்டாவது, இவ்வினக் கிருமிகளைக் கையாளும் ஆய்வுக்கூடப் பணியாளர்களின் பாதுகாப்புக்காக.

மூன்றாவது, குரங்கம்மைக்காக. 1958ஆம் ஆண்டில் ஆய்வுக்கூடக் குரங்குகளிடம் முதன்முதலில் கண்டறியப்பட்டமையால் இப்பெயர் வந்தது. மனிதருக்கு இது கண்டது முதன்முதலாக 1970ஆம் ஆண்டில், காங்கோ நாட்டுக் குழந்தை ஒன்றுக்கு. பெரியம்மைக்கு இனமான இந்நோயையும் பெரியம்மைத் தடுப்பு மருந்து பெருமளவு தடுக்கிறது. அம்மை குத்துவது நின்றபின் பிறந்தோர் பெருகியபோது, இந்நோய்க்கும் இடம் பெருகியது. 2022ஆம் ஆண்டில் இது பல நாடுகளுக்குப் பரவியது. நம் நாட்டில் 2023ஆம் ஆண்டு ஜூலையில் முதல் நோயாளி கண்டறியப்பட்டார். உலகச் சுகாதார நிறுவனம் 2022லும் 2024லும் அவசர நிலையை அறிவித்து, பின் 2025ஆம் ஆண்டு செப்டம்பரில் அதனை விலக்கிக் கொண்டது. பெரியம்மைக்கு மனிதரைத் தவிர வேறு புகலிடம் இல்லை; குரங்கம்மைக் கிருமியோ ஆப்பிரிக்கக் காட்டு விலங்குகளிடமும் வாழ்கிறது. ஆதலால் அதனை அடியோடு ஒழிப்பது எளிதன்று.

இன்று குரங்கம்மைக்குப் பெரிதும் பயன்படுவது புதிய வகை மருந்தாகும். செருமனியில் வாக்சினியாக் கிருமியைக் கோழிக்கருவின் அணுக்களில் 500 தடவைக்கு மேல் மாற்றி மாற்றி வளர்த்தனர். அதனால் மனித உடலில் பெருகும் ஆற்றலை அது இழந்தது. இம்மருந்து 28 நாள் இடைவெளியில் இருமுறை ஊசியாகப் போடப்படுகிறது. பழைய முறையைப் போல் கொப்புளமோ வட்டத் தழும்போ உண்டாக்குவதில்லை. இதுவும் நோயாளியோடு பழகியவர், ஆபத்துக்கு உள்ளாகும் பணியாளர் போன்றோருக்கே உரியது. பொதுமக்கள் அனைவருக்கும் அன்று.

நான்காவது பயன் வியப்பானது. வாக்சினியாக் கிருமியோடு வெறிநாய்க்கடி நோய்க் கிருமியின் ஒரு கூற்றைச் சேர்த்து, அம்மருந்தை இரையில் வைத்துக் காடுகளில் இட்டனர். அதனைத் தின்ற நரிகள் அந்நோயிலிருந்து காப்புப் பெற்றன. பிரான்சு, பெல்ஜியம் முதலிய நாடுகளில் நரிகளிடையே பரவிய வெறிநோய் ஒழிய இம்முறை துணை நின்றது.

இரு தழும்புகள்

இனி, இளையோரின் கையிலுள்ள தழும்புக்கு வருவோம். அது காசநோயைத் தடுக்கப் பிறந்தவுடன் போடப்படும் பி.சி.ஜி. ஊசியின் தழும்பு. அதற்கும் அம்மை குத்துவதற்கும் தொடர்பு இல்லை. 1980களின் தொடக்கத்திற்குப் பின் பிறந்தவர்கள், ‘என் கையில் தழும்பு இருக்கிறது, எனக்கு எந்த அம்மையும் வாராது’ என்று எண்ணியிருப்பது தவறு.

மற்றொரு குழப்பமும் உண்டு. கொப்புளமோ சிவப்புத் தடிப்போ கண்டால் எல்லாவற்றையும் ‘அம்மை’ என்றே அழைக்கிறோம். பெரியம்மை வேறு, சின்னம்மை வேறு, மணல்வாரி எனப்படும் தட்டம்மை வேறு. கிருமிகளும் வேறு; தடுப்பு மருந்துகளும் வேறு. ‘அம்மை ஒழிந்துவிட்டது’ என்று அரசாங்கம் கூறியது பெரியம்மை ஒன்றைப் பற்றியே. தட்டம்மை ஒழியவில்லை. அது குழந்தைகளின் நுரையீரலையும் மூளையையும் தாக்கி உயிருக்கே உலை வைக்கக்கூடியது.

நாம் செய்ய வேண்டியன

பெரியம்மைத் தடுப்பூசியைத் தேடி எவரும் அலைய வேண்டியதில்லை. ஆனால் ஏனைய தடுப்பூசிகளை உரிய காலத்தில் போடத் தவறலாகாது. தட்டம்மைத் தடுப்பூசி நம் நாட்டில் குழந்தைக்கு ஒன்பதாம் மாதத்திலும் பன்னிரண்டாம் மாதத்திலும் போடப்படுகிறது. வேலை நாளாயினும் குழந்தையின் சுகாதாரப் பதிவேட்டை எடுத்துக்கொண்டு அரசாங்கச் சுகாதார மருந்தகத்திற்குச் செல்லுங்கள். தவணை தவறியிருந்தால், வெட்கப்பட்டு ஒதுங்காமல் தாதியரிடம் கூறுங்கள். அவர்கள் வழி காட்டுவர்.

காய்ச்சலோடு கொப்புளங்கள் கண்டால், நோயாளியைத் தனி அறையில் இருக்கச் செய்யுங்கள். அவருடைய துணியையும் போர்வையையும் பிறர் பயன்படுத்த வேண்டாம். வேப்பிலை செருகுவதும் அம்மனை வேண்டுவதும் உங்கள் நம்பிக்கை. அவற்றை எவரும் தடுக்கவில்லை. அவற்றோடு மருத்துவரையும் நாடுங்கள். எந்த அம்மை என்று உறுதி செய்ய வேண்டியவர் அவரே.

தோட்டத்து முதியவர்கள் தங்கள் கைத்தழும்பைப் பேரப்பிள்ளைகளுக்குக் காட்டி, அது வந்த காரணத்தைச் சொல்வது நலம். ஏழையும் செல்வரும், படித்தோரும் படியாதோரும் ஒருங்கே கையை நீட்டியமையால் ஒரு நோய் உலகிலிருந்தே ஒழிந்தது. ஒழிந்த அந்நோய்க்குப் பிள்ளைகள் இனிக் கையை நீட்ட வேண்டியதில்லை. ஒழியாத நோய்களுக்கு நீட்டத்தான் வேண்டும்.